வாடாத பூ, வாடிவிடும் செடி: ஜாவா எடல்வைஸ் பற்றி என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மேற்கு ஜாவாவின் கெடே மலைக்கு மூன்று முறை போய்வந்திருக்கிறேன். மூன்று முறையும் ஒரே காரணம்தான்: மேலே 2,750 மீட்டர் உயரத்தில் ஒரு திறந்தவெளி முழுக்கப் பூத்துக்கிடக்கும் வெள்ளை மலை டெய்சி. திரும்பி வந்ததும் வீட்டில், அலுவலகத்தில், சிங்கப்பூர்த் தேக்காவில் காப்பி குடிக்கிற இடத்தில் எல்லாம் அதே கேள்விகள். வாட்ஸ்அப்பில் துண்டு துண்டாகப் பதில் அனுப்பிச் சலித்துப்போனதால் ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன். நான் தாவரவியல் படித்தவன் இல்லை, கணக்கு எழுதிப் பிழைப்பவன். படித்ததும் வழிகாட்டிகளிடம் கேட்டதும் கண்ணால் பார்த்ததும்தான் இதில் இருக்கின்றன.

ஏம்ப்பா, ஒரு பூவைப் பார்க்கவா மூன்று நாள் லீவு போட்டே?

இது அம்மாவின் கேள்வி, அதனால் முதலிடம். ஆமாம்மா, ஒரு பூவைப் பார்க்கத்தான். இந்தோனேசியர்கள் அதை எடல்வைஸ் என்கிறார்கள். அறிவியல் பெயர் அனாஃபலிஸ் ஜாவானிகா. சூரியகாந்தி, சாமந்தி, டெய்சி எல்லாம் இருக்கிற அதே பெரிய குடும்பம். போகோரில் 1817இல் தாவரவியல் தோட்டத்தைத் தொடங்கிய ரைன்வார்ட் என்ற அறிஞர் சேகரித்த செடிகளில் இதுவும் ஒன்று. சாதாரணமாக இடுப்பளவு புதர்தான். ஆனால் யாரும் கைவைக்காமல் விட்டால் 8 மீட்டர் வரை உயர்ந்து, தண்டு மனிதக் காலளவு பருத்துவிடும். டெய்சிக் குடும்பத்தில் மரம் போல நிற்கும் ஒன்றைப் பார்க்க மூன்று நாள் லீவு அதிகமில்லை.

டெய்சி என்கிறீர்கள், படத்தில் டெய்சி மாதிரியே இல்லையே?

சரியான கவனிப்பு. டெய்சி என்றதும் நடுவில் மஞ்சள் வட்டம், சுற்றிலும் நீள இதழ் என்றுதான் நமக்கு நினைவு வரும். ஜாவா எடல்வைஸில் அந்த நீள இதழ்கள் கிடையாது. உள்ளே மஞ்சளாகத் தெரிவது ஏராளமான குட்டிப் பூக்களின் கூட்டம். சூரியகாந்தியைப் பிய்த்துப் பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல, ஒரு பூ என்று நாம் சொல்வது ஓர் ஊரே கூடி நிற்பதுதான். அந்தக் கூட்டத்தைச் சுற்றி வெள்ளையாக அடுக்கடுக்காக இருப்பவை பூவிதழ்கள் அல்ல, மொட்டைப் பொத்தி வைத்திருந்த செதில்கள். ஒரு தலை சட்டைப் பொத்தானைவிடச் சிறியது. அப்படிப் பல தலைகள் ஒரு காம்பின் நுனியில் சேர்ந்து கொத்தாக நிற்கும்.

இலையையும் சொல்லிவிடுகிறேன், படத்தில் அது சரியாக வருவதில்லை. ஒல்லியாக, நீளமாக, இரண்டு பக்கமும் நரைத்த கம்பளி ரோமம் மூடியிருக்கும். விடியற்காலையில் ஒவ்வொரு ரோமத்தின் நுனியிலும் பனித்துளி நிற்கும். விரலால் தொட்டால் துளிகள் ஒன்றாகச் சேர்ந்து வழிந்து ஓடும், இலை மட்டும் நனையாது. ஆறு மணிக்குக் கைவிரல் மரத்துப்போய் நின்றுகொண்டு இதையே நான் பத்து நிமிடம் செய்துகொண்டிருந்தேன். கூட வந்தவர்கள் கூடாரத்தைப் பிரித்து முடித்துவிட்டார்கள்.

இந்தப் பூ வாடவே வாடாதாமே, உண்மையா?

பாதி உண்மை. நம் வாடாமல்லியை நினைத்துக்கொள்ளுங்கள். அதில் ஊதாவாகத் தெரிவது பூவிதழ் இல்லை, காய்ந்த செதில். அதனால்தான் மாலையில் கட்டி மாதக்கணக்கில் தொங்கவிட்டாலும் நிறம் போவதில்லை. வாடாமல்லி வேறு குடும்பம், ஆனால் தந்திரம் ஒன்றுதான். எடல்வைஸின் வெள்ளைச் செதில்கள் செடியில் இருக்கும்போதே காகிதம் போல உலர்ந்தவை. ஈரமே இல்லாத ஒன்று எப்படி வாடும்?

மலாய் தெரிந்தவர்களுக்கு ஒரு சுவையான விஷயம். இந்தோனேசியாவில் இதை 'புங்கா அபாடி' என்பார்கள், நிரந்தரப் பூ. கிழக்கு ஜாவாவின் புரோமோ மலைப் பக்கத்துத் தெங்கர் மக்கள் 'தானா லாயு' என்கிறார்கள். லாயு என்றால் வாடுதல் என்று உங்களுக்கே தெரியும். வாடாதது என்பதுதான் அந்தப் பெயருக்கு அவர்கள் சொல்லும் பொருள்.

ஆனால் வாடாதது செதில்தான், செடியல்ல. செடி எல்லாச் செடியையும் போல மிதித்தால் ஒடியும், நிழல் விழுந்தால் நலிந்துபோகும். இந்தப் பெயரால்தான் பாதித் தொல்லையே. நிரந்தரம் என்று சொல்லிச் சொல்லி, அதற்கு எதுவும் ஆகாது என்று ஜனங்கள் நம்பிவிட்டார்கள்.

ஐரோப்பாவின் ஆல்ப்ஸ் எடல்வைஸும் இதுவும் ஒன்றா?

இல்லை. ஒரே குடும்பத்தில் ஒரே கிளை, ஆனால் வேறு பேரினம். நம்மூர்க் கணக்கில் சொன்னால் சித்தப்பா பெரியப்பா பிள்ளைகள். ஆல்ப்ஸ் பூவின் வெள்ளை நட்சத்திரம் ரோமம் போர்த்திய இலைகளால் ஆனது, ஜாவாவினுடையது உலர்ந்த செதில்களால் ஆனது. எடல்வைஸ் என்ற ஜெர்மன் சொல்லுக்கு 'உயர்ந்த வெண்மை' என்று பொருள். ஐரோப்பியர்கள் தங்கள் ஊர் ஞாபகத்தில் வைத்த பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது.

இது எங்கெல்லாம் வளர்கிறது? ஜொகூர் லெடாங் மலையில் பார்க்கலாமா?

லெடாங்கில் பார்க்க முடியாது. அதன் உயரம் 1,276 மீட்டர்தான். ஜாவா எடல்வைஸ் பெரும்பாலும் 2,000 மீட்டரைத் தாண்டிய எரிமலைகளில்தான் கூட்டமாக நிற்கும். ஜாவாவில் கெடே, பங்ராங்கோ, பாப்பண்டாயான், மெர்பாபு, லாவு, செமெரு. ஜாவாவுக்கு வெளியே லொம்போக்கின் ரிஞ்சானி. சுமத்ராவிலும் தென் சுலவேசியிலும் சில மலைகள். சிங்கப்பூரிலிருந்து போகிறவர்களுக்கு ரிஞ்சானிதான் பிரபலம். ஆனால் பூவுக்காக மட்டும் போவதென்றால் நான் அதைச் சொல்லமாட்டேன். 3,726 மீட்டர் மலையில் உச்சியைப் பிடிக்கிற அவசரத்தில் வழியிலுள்ள செடியை யார் பார்க்கிறார்கள்?

ஏன் அவ்வளவு உயரத்தில் மட்டும்?

இங்கிருந்து கணக்குப் போட்டுப் பார்ப்போம். 100 மீட்டர் ஏறினால் சுமார் 0.6 டிகிரி குறையும். நம்மூரின் சராசரி 28 டிகிரி, நம் உயரமான புக்கிட் தீமா 164 மீட்டர். அங்கே ஏறினால் ஒரு டிகிரிகூடக் குறையாது, வியர்வைதான் மிச்சம். அதே கணக்கில் 2,750 மீட்டரில் 16 டிகிரி குறைந்து, சராசரியே பதினொன்று பன்னிரண்டில் வந்து நிற்கும். இது நடுப்பகலையும் நள்ளிரவையும் சேர்த்த சராசரி. பகலில் மெல்லிய காற்றைத் துளைத்துக்கொண்டு வெயில் தோலைச் சுடும், இரவில் பல் கிட்டிக்கும். நிலநடுக்கோட்டு மலைகளில் ஒவ்வொரு பகலும் ஒரு கோடை, ஒவ்வோர் இரவும் ஒரு குளிர்காலம்.

அந்தக் கம்பளி ரோமம் இதற்குத்தான். பகலில் புற ஊதாக் கதிர்களை மட்டுப்படுத்துகிறது, காற்று இலையின் ஈரத்தை உறிஞ்சாமல் தடுக்கிறது, இரவில் இலையை ஒட்டி ஒரு மெல்லிய காற்றுப் படலத்தைப் பிடித்துவைக்கிறது. நாம் மலைக்கு எடுத்துப்போகிற ஜாக்கெட் செய்கிற வேலைதான்.

இன்னொரு காரணம் போட்டி. கீழ்க்காடுகளில் ஓக்கு, ராசமலா போன்ற பெருமரங்கள் வானத்தை அடைத்துக்கொள்கின்றன. எடல்வைஸுக்கு முழு வெயில் வேண்டும், நிழலில் அதன் நாற்று எழும்பாது. அதனால் மரங்கள் வாழ முடியாத இடத்தைத் தேடிப் போய்விட்டது. கெடேயின் சூர்யகெஞ்சானா வெளி அப்படிப்பட்ட இடம். சுமார் 50 ஹெக்டேர், இரண்டு மேடுகளுக்கு நடுவே நீளமாகக் கிடக்கும் தட்டையான பள்ளம். உலர்ந்த மாதங்களில் இரவில் குளிர்காற்று சரிந்து வந்து இந்தப் பள்ளத்தில் தேங்கும், சில விடியல்களில் உறைபனிகூட விழும். மரக்கன்றுகள் அதைத் தாங்குவதில்லை. எடல்வைஸும் புல்லும் தாங்கும்.

பெயரைக் கொஞ்சம் உச்சரித்துப் பாருங்கள்: சூர்ய கெஞ்சானா. கெஞ்சானா நம் காஞ்சனம்தான். காலை வெயில் விழும்போது அந்தப் பெயர் பொருத்தம்தான் என்று தோன்றும். பக்கத்துப் பங்ராங்கோவில் இதே மாதிரி இன்னொரு வெளி, பெயர் மண்டலவங்கி. வங்கி என்றால் மலாயில் வாசனை என்று அறிவீர்கள். இந்தோனேசிய மாணவர் இயக்கத்தின் சோ ஹொக் கீ 1969இல் செமெரு மலையில் இறந்தார். அவருடைய சாம்பலைப் பின்னாளில் தூவிய இடம் அதுதான்.

எரிமலை மேலா? வெடித்தால் செடி செத்துப்போகாதா?

போகும். ஆனால் எரிமலை இல்லாவிட்டாலும் இது நாளடைவில் போய்விடும். இந்தச் செடியைப் பற்றி நான் தெரிந்துகொண்டதில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான்.

வெடிப்புக்குப் பிறகு மிஞ்சுவது சாம்பலும் கல்லும். மட்கு கிடையாது, சத்து கிடையாது, நிழலும் கிடையாது. அங்கே முதலில் வந்து உட்காரும் செடிகளில் எடல்வைஸும் ஒன்று. விதைக்கு எருக்கம்பஞ்சு மாதிரி இழைகள் உண்டு, காற்று எங்கு வேண்டுமானாலும் கொண்டுபோகும். வேரில் ஒருவகைப் பூஞ்சை கூட்டாளியாக இருக்கிறது. மண்ணிலிருந்து செடியால் தனியாக எடுக்க முடியாத சத்தைப் பூஞ்சையின் நூலிழைகள் எடுத்துக்கொடுக்கும், பதிலுக்குச் செடி சர்க்கரை கொடுக்கும். ஏழை நிலத்தில் இரண்டு பேர் சேர்ந்து நடத்துகிற கடை.

அப்புறம் ஆண்டுக்கணக்கில் இலை உதிர்ந்து மட்கி மண் கொழுக்கும். கொழுத்த மண்ணைத் தேடி மற்றவர்கள் வருவார்கள். முதலில் சந்திகி என்கிற குறும்புதர், அதன் தளிர் இரத்தச் சிவப்பாக இருக்கும், கறுத்த பழத்தைத் தின்னலாம், புளிக்கும். பிறகு மரங்கள். நிழல் விழ விழ எடல்வைஸ் ஒதுங்கும். மண்ணை உண்டாக்கியவரே வாடகை கட்ட முடியாமல் வீட்டைக் காலிசெய்கிற கதை. கெடே கடைசியாக வெடித்தது 1957இல். அதன் வாய் இன்னும் புகைந்துகொண்டுதான் இருக்கிறது, ஓரமாக நடந்தால் அழுகிய முட்டை நாற்றம். அந்த நாற்றமும் இந்தப் பூவும் ஒரே வீட்டுப் பிள்ளைகள் என்று புரிந்த பிறகு எனக்கு மூக்கைப் பொத்தத் தோன்றுவதில்லை.

இதைத் தின்னவோ தேடிவரவோ ஏதாவது உயிர் உண்டா?

தேடி வருபவை நிறைய. அந்தக் குளிரில் தேன் தருகிற பூக்கள் அதிகமில்லை. அதனால் ஈ, குளவி, தேனீ, வண்ணத்துப்பூச்சி, கண்ணுக்குத் தெரியாத இலைப்பேன் என்று 300 வகைக்கும் மேற்பட்ட பூச்சிகள் இந்தப் பூவுக்கு வருவதாகச் சொல்கிறார்கள். தனியாக ஒரு கொத்தின் முன்னால் குந்தி உட்கார்ந்து பாருங்கள், வெயில் ஏறியதும் சந்தைக் கூட்டம்தான். வளர்ந்த செடியின் கிளைகள் பறவைக்கூட்டைத் தாங்குகிற அளவுக்கு உறுதியாகவும் இருக்கும். ஒரு கொத்தை ஒடித்தால் போவது ஒரு கொத்து மட்டும் அல்ல.

எப்போது பூக்கும்? குறிஞ்சி மாதிரி பன்னிரண்டு ஆண்டு காத்திருக்க வேண்டுமா?

வேண்டாம். ஆண்டுதோறும் பூக்கும், சுமாராக ஏப்ரல் முதல் ஆகஸ்ட் செப்டம்பர் வரை. ஜூலைவாக்கில் போவது என் விருப்பம். குறிஞ்சியை ஒருமுறை தவறவிட்டால் அடுத்ததற்கு நம் முட்டி தாங்குமா என்ற கவலை வேறு. இதில் அந்தத் தொல்லை இல்லை.

நினைவுக்கு ஒரே ஒரு கொத்து பறித்துவந்தால் என்னவாகிவிடும்?

இந்தக் கேள்வியை மட்டும் எல்லோரும் குரலைத் தாழ்த்திக் கேட்கிறார்கள்.

முதலில் சட்டம். கெடே பங்ராங்கோ 1980இலிருந்து தேசியப் பூங்கா. அங்கிருந்து ஓர் இலையைக்கூட எடுக்கக்கூடாது. இந்தோனேசியாவின் 1990ஆம் ஆண்டு இயற்கைப் பாதுகாப்புச் சட்டப்படி சிறையும் அபராதமும் உண்டு, 2024இல் அதைத் திருத்தி இன்னும் இறுக்கியிருக்கிறார்கள். இறங்கும்போது பையைத் திறந்து காட்டச் சொல்வதும் உண்டு.

அடுத்து எண்ணிக்கை. 1988இல் பிப்ரவரியிலிருந்து அக்டோபருக்குள் கெடே பங்ராங்கோவிலிருந்து எடுத்துப்போகப்பட்டதாகப் பதிவானவை மட்டும் 636 தண்டுகள். பதிவாகாதவற்றை நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள். காதலிக்கு எடல்வைஸ் கொடுத்தால் காதல் நிரந்தரம் என்று ஒரு நம்பிக்கை அங்கே இளைஞர்களிடம் உண்டு. அந்த 636இல் எத்தனை காதல் இன்னும் நிற்கிறது என்று யாராவது கணக்கெடுத்தால் நன்றாயிருக்கும்.

பறிப்பதில் இன்னொரு சிக்கல்: ஆட்கள் பறிப்பது நன்றாகப் பூத்த கொத்தைத்தான். அதில்தான் விதை இருக்கிறது. கொத்தை எடுத்தால் அடுத்த தலைமுறையையும் சேர்த்து எடுக்கிறோம். செடி வேகமாக வளர்கிற ரகமும் இல்லை.

இனி என் கதை. பல ஆண்டுகளுக்கு முன் புரோமோ பக்கம் ஒரு சாலையோரக் கடையில் ஒரு கட்டு வாங்கினேன். பாதி வெள்ளை, பாதி பச்சையும் இளஞ்சிவப்பும். எங்கிருந்து வந்தது என்று கேட்கக்கூடத் தோன்றவில்லை. அம்மா அதைச் சாமி படத்துக்குப் பக்கத்தில் பித்தளைச் சொம்பில் வைத்தார். டிசம்பர் மழை வந்தது. நம்மூர் ஈரப்பதம் தெரியும்தானே, அலமாரியில் தோல் செருப்பே பூஞ்சை பிடிக்கும். இளஞ்சிவப்புச் சாயம் கசிந்து சுவரில் இறங்கியது, வெள்ளைக் கொத்தில் கறுப்புப் புள்ளி புள்ளியாகப் பூஞ்சை. காம்பைத் தூக்கினால் பொடிப்பொடியாகக் கொட்டியது. நிரந்தரப் பூ எங்கள் வீட்டில் ஐந்து மாதம்கூடத் தாங்கவில்லை. அம்மா கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "அங்கேயே இருந்திருந்தா நல்லா இருந்திருக்கும்ல?"

அப்படியானால் புரோமோவில் விற்பவர்கள் எல்லாம் திருட்டுப்பூ விற்கிறார்களா?

அப்படிப் பொதுவாகச் சொல்லிவிட முடியாது. தெங்கர் மக்கள் இந்துக்கள். முன்னோருக்குச் செய்யும் சடங்குகளிலும் ஊர்ப் பண்டிகைகளிலும் தானா லாயு இல்லாமல் முடியாது, நமக்கு வெற்றிலை பாக்கு மாதிரி. தலைமுறை தலைமுறையாக மலையிலிருந்து எடுத்துவந்தார்கள். காடு தேசியப் பூங்காவானதும் அவர்களுடைய சாமிப்பூ சட்டவிரோதப் பூவாகிவிட்டது. இதில் யார் பக்கம் நியாயம் என்று சிங்கப்பூரில் உட்கார்ந்துகொண்டு தீர்ப்புச் சொல்ல எனக்கு வாய் வராது.

அவர்களே ஒரு வழி கண்டுபிடித்தார்கள். பாசுருவான் வட்டாரத்தில் உள்ள வொனொகித்ரி என்கிற ஊரில் பூங்கா நிர்வாகத்தோடு சேர்ந்து விதை போட்டு, நாற்று விட்டு, தோட்டப்பயிராகவே வளர்க்கிறார்கள். 2018இலிருந்து அதற்கு எடல்வைஸ் கிராமம் என்றே பெயர். சடங்குக்கும் அங்கிருந்து, வருகிறவர்கள் வாங்கவும் அங்கிருந்து. ஆகவே வாங்கத்தான் வேண்டும் என்றால் வளர்த்தவர்களிடம் நேரே போய் வாங்குங்கள்.

பறிப்பதைவிடப் பெரிய ஆபத்து ஒன்றும் உண்டு: தீ. 2023 செப்டம்பரில் புரோமோவின் புல்வெளியில் திருமணத்துக்கு முன்பான படப்பிடிப்பு ஒன்றுக்காகப் புகை கக்கும் ஃபிளேர் குழல் கொளுத்தினார்கள். காய்ந்த புல் பற்றிக்கொண்டு நூற்றுக்கணக்கான ஹெக்டேர் கருகியது.

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டில் தொட்டியில் வளர்க்கலாமா? ஏர்கான் அறையில்?

ஏர்கான் அறைக் கேள்வியை இதுவரை நான்கு பேர் கேட்டுவிட்டார்கள். குளிர் கிடைக்கும், வெயில் கிடைக்காது. பால்கனியில் வெயில் கிடைக்கும், நள்ளிரவில்கூட 25 டிகிரியை ஒட்டியே நிற்கும் காற்றில் வேர் அழுகிவிடும். அதோடு வெளிநாட்டிலிருந்து செடியோ விதையோ கொண்டுவர தேசியப் பூங்காக் கழகத்தின் விதிகள் இருக்கின்றன, பையில் ஒளித்துக்கொண்டு சாங்கி விமான நிலையத்தில் இறங்குகிற வேலை வேண்டாம். மலைக்காடு எப்படி இருக்கும் என்று பார்க்க ஆசையென்றால் கரையோரப் பூந்தோட்டத்தின் மேகக்காட்டுக்குப் போங்கள். 35 மீட்டர் உயரச் செயற்கை மலை, ஈரமும் குளிரும் சரியாக இருக்கும். ஆனால் அது பாசியும் ஆர்க்கிடும் வாழும் ஈரக்காடு. எடல்வைஸ் கேட்பது அதற்கு மேலே உள்ள வெயிலும் காற்றும் கல்லும்.

எங்கள் புளோக்குக்குக் கீழே மஞ்சளாகப் படர்ந்திருப்பதைச் 'சிங்கப்பூர் டெய்சி' என்கிறார்களே?

பெயரில்தான் சிங்கப்பூர். சொந்த ஊர் மத்திய அமெரிக்கா, தென்னமெரிக்கா, கரீபியப் பக்கம். தரையை மூடி அழகாகப் படரும் என்று தோட்டங்களில் நட்டார்கள். கணுவுக்குக் கணு வேர்விட்டுக் கால்வாய் ஓரமெல்லாம் பிடித்துக்கொண்டது. ஆஸ்திரேலியாவில் அதை ஒழிக்க முடியாமல் திணறுகிறார்கள், பழி மட்டும் நம் ஊர்ப் பெயர் மேல். உலகின் மிக மோசமான 100 ஊடுருவல் உயிரினங்கள் பட்டியலிலும் இருக்கிறது. ஒரே குடும்பத்தில் ஒன்று மலையுச்சியில் ஒதுங்கி நிற்கிறது, இன்னொன்று எங்கே விட்டாலும் படர்கிறது. பிள்ளைகளுக்கு டெய்சிக் குடும்பத்தைக் காட்ட அதுவே போதும். கீழே போய் உதிர்ந்து கிடக்கிற ஒரு பூவை எடுத்துப் பிரித்துக் காட்டுங்கள்.

தமிழ்நாட்டில் இதன் சொந்தக்காரர்கள் உண்டா?

உண்டு! அனாஃபலிஸ் பேரினத்தில் ஏறக்குறைய நூறு இனங்கள் இருக்கின்றன, பெரும்பாலானவை ஆசிய மலைகளில். நீலகிரியிலும் சில. ஒன்றுக்கு அனாஃபலிஸ் நீல்கெரியானா என்று நீலகிரியின் பெயரே வைத்திருக்கிறார்கள். சோலைக்காடுகளுக்கு நடுவிலிருக்கும் புல்வெளிகளில், குறிஞ்சி பூக்கிற அதே மேடுகளில், அதே நரைத்த இலை, அதே காகிதப் பூ. ஊட்டிக்குப் போகிறவர்கள் தொட்டபெட்டாவில் வண்டியை நிறுத்திவிட்டு மக்காச்சோளம் வாங்குவதற்கு முன்னால் பாறையோரம் கொஞ்சம் குனிந்து பாருங்கள். அங்கே அதன் எதிரி எரிமலையும் இல்லை, காதலர்களும் இல்லை. புல்வெளியில் கொண்டுவந்து நட்ட சீகை மரமும் பைனும்தான்.

சரி, போவதென்று முடிவு செய்துவிட்டோம். எப்படி?

ஜகார்த்தாவுக்கு இரண்டு மணி நேரத்துக்குள் விமானம். அங்கிருந்து கெடே மலையடிவாரத்துச் சிபோடாஸுக்குச் சுமார் 100 கிலோமீட்டர்தான், ஆனால் புஞ்சாக் கணவாயின் வார இறுதி நெரிசலில் மாட்டினால் விமானத்தில் போனதைவிட இருமடங்கு நேரம் காரில் உட்கார வேண்டியிருக்கும். வெள்ளிக்கிழமை மாலை இறங்காதீர்கள். மலையேற முன்கூட்டியே இணையத்தில் அனுமதி எடுக்க வேண்டும், கடப்பிதழும் மருத்துவச் சான்றும் கேட்பார்கள். மழைக்காலமான ஜனவரி முதல் மார்ச் வரையும், சில ஆண்டுகளில் ஆகஸ்டிலும் மலையை ஓய்வுக்கென்று மூடுவது வழக்கம். தேதி போடுவதற்கு முன் சரிபாருங்கள்.

சிபோடாஸ் பாதை நீளம், அழகு. நீலக் குட்டை, அருவி, வழியில் வெந்நீர் ஓடையொன்றைக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு ஆவிக்குள் கடக்க வேண்டும். குனோங் புத்ரி பாதை குறுகியது, செங்குத்து, நேரே சூர்யகெஞ்சானாவில் கொண்டுபோய் விடும். பூவுக்காக மட்டும் போகிறவர்களுக்கு இரண்டாவது. இரவில் வழக்கமாக ஐந்தாறு டிகிரி வரை இறங்கும், நம்மூர் ஏர்கான் சட்டை போதாது. காலையில் சூர்யகெஞ்சானாவில் கூடாரத்துக்கு வெளியே "நாசி உடுக், நாசி உடுக்" என்று குரல் கேட்டால் கனவென்று நினைக்காதீர்கள். கீழிருந்து விடியுமுன்பே சுமந்து வந்து விற்கிறார்கள். தேங்காய்ப்பால் சோறு, சம்பால், ஒரு பொரித்த முட்டை. அதைத் தின்றுகொண்டே எடல்வைஸைப் பார்த்தால் நீங்களும் இரண்டாவது முறை போவீர்கள்.

மகளின் பள்ளிப் பணிக்கு இரண்டு வரி வேண்டும், சீக்கிரம்.

'ஜாவா எடல்வைஸ் டெய்சிக் குடும்பத்தைச் சேர்ந்த மலைச்செடி. எரிமலைச் சாம்பலில் முதலில் முளைக்கும் செடிகளில் ஒன்று, ரோமம் மூடிய இலை அதைக் குளிரிலிருந்தும் வெயிலிலிருந்தும் காக்கிறது.' படத்தை அவளே வரையட்டும்.

எனக்கு முட்டிவலி, மலையெல்லாம் ஏற முடியாது. பார்க்கவே முடியாதா?

முடியும். சுரபாயாவுக்கு விமானம், அங்கிருந்து மூன்று மணி நேரம் போல வண்டியில் போனால் வொனொகித்ரி. கிட்டத்தட்ட 2,000 மீட்டர் உயரத்தில், வண்டி நிற்கிற இடத்துக்குப் பக்கத்திலேயே வரிசை வரிசையாக எடல்வைஸ். போன ஆண்டு அம்மாவை அழைத்துப்போனேன். எழுபத்திரண்டு வயது, இரண்டு ஸ்வெட்டர், தலையில் மஃப்ளர். தோட்டக்கார அம்மாள் ஜாவானிய மொழியிலும் அம்மா பாசார் எனும் சந்தை மலாயிலும் பேசிக்கொண்டார்கள், இரண்டு பேருக்கும் எல்லாம் புரிந்தது. அம்மா குனிந்து ஓர் இலையை இரண்டு விரலால் தடவினார். "பூனைக்குட்டி காது மாதிரி இருக்குடா" என்றார். ஒரு கட்டு வாங்கட்டுமா என்று கேட்டேன். சுவரில் இறங்கிய சாயத்தைத் தேய்த்துக் கழுவியது யார் என்று கேட்டார்.